லூபியா: பழைய பெயரும் புதிய காயும்

இன்று சிரியா, லெபனான், ஃபலஸ்தீன், ஜோர்டான் என நான்கு பெயர்களால் வழங்கும் நிலப்பரப்பை அரபு வரலாற்றாசிரியர்கள் 'ஷாம்' என்ற ஒரே பெயரால் குறித்தனர். அந்த ஷாம் தேசத்து இல்லங்களில் கோடை தோறும் அடுப்பேறும் தொடுகறி ஒன்று உண்டு. அதன் பெயர் 'லூபியா பி ஸைத்'. 'எண்ணெயில் சமைத்த லூபியா' என்பது இதன் நேர்ப்பொருள். அந்நாட்டில் எண்ணெய் என்று வாளா சொன்னால் அது ஸைத்தூன் எண்ணெயையே குறிக்கும். இது விருந்துக்குரிய பண்டமன்று. திருமண மனைகளில் இதை வைப்பாரில்லை. வெளியூரிலிருந்து வந்த மகனுக்குத் தாய் முதல்நாள் ஆக்கி வைப்பதும், உடல்நலம் குன்றியவர் உண்பதும், ரொட்டியும் பச்சை வெங்காயமும் துணையாக ஒரு பகலுணவை முடித்துவிடுவதும் ஆகிய எளிய காரியங்களுக்கு உரியது. வளைகுடா நாடுகளில் பணியாற்றித் திரும்பிய நம் சகோதரர்கள் சிலர் லெபனானியர் உணவகங்களில் இதைச் சுவைத்திருக்கக்கூடும். நாம் 'பீன்ஸ்' என்று சொல்லும் பச்சைக்காய்தான் அங்கே லூபியா.

செய்முறையைச் சற்று விரிவாகவே சொல்கிறேன். பின்னால் வரும் வரலாற்றுக்கு அது தேவைப்படும். காய்களின் இருமுனையும் கிள்ளி, நாரை உரித்து, இரண்டு மூன்று துண்டுகளாக ஒடித்துக்கொள்வர். கத்தியால் பொடியாக நறுக்குவதில்லை. அடிகனத்த பாத்திரத்தில் தாராளமாக ஸைத்தூன் எண்ணெய் ஊற்றி, அரிந்த வெங்காயத்தை அது துவண்டு நிறம் மாறும் வரை வதக்குவர். பூண்டுப் பற்களை முழுதாகவே இடுவது பல வீடுகளின் வழக்கம். அதன்பின் காய். காயின் பசுமை மங்கும் வரை எண்ணெயிலேயே புரட்டுவர். பிறகு பழுத்த தக்காளியைத் துருவியோ பிசைந்தோ சேர்த்து, உப்பிட்டு, மூடி, தணலைக் குறைத்துவிடுவர். தண்ணீர் ஊற்றுவதில்லை, ஊற்றினாலும் சிறிதே. தக்காளிச் சாற்றிலும் தன் நீரிலும் காய் ஏறக்குறைய ஒரு மணி நேரம் வேக வேண்டும்.

நம் வீடுகளில் பீன்ஸ் பொரியல் செய்யும்போது காய் குழைந்தால் மாமியார் முகம் சுளிப்பார். அங்கேயோ காய் குழையாவிட்டால்தான் முகம் சுளிப்பார்கள். பச்சை நிறம் முற்றும் போய், எண்ணெய் ஓரங்களில் பிரிந்து நின்று, காய் நாவில் கரைய வேண்டும். இறக்கியவுடன் உண்பதுமில்லை. பாத்திரத்திலேயே ஆறவிட்டு, சூடு முழுதும் தணிந்தபின் பரிமாறுவர். மறுநாள் இன்னும் சுவை கூடியிருக்கும் என்பர். இறைச்சி சேர்த்துச் சோற்றுடன் உண்ணும் வகையும் உண்டு. அதற்கு 'லூபியா பி லஹ்ம்' என்று பெயர். துருக்கியர் இதே எண்ணெய்க்கறியை 'ஸெய்த்தின்யாலி ஃபசூல்யே' என்பர். கிரேக்கர் 'ஃபசொலாக்கியா' என்பர். உஸ்மானியப் பேரரசு பரவியிருந்த இடமெல்லாம் இந்தக் கறியும் பரவியிருக்கிறது.

இதனை உண்போரைக் கேட்டால் பாட்டன் பூட்டன் காலத்து உணவு என்பர். இன்னும் சிலர் இது பழைய அரபுகளின் உணவு என்றே சொல்லிவிடுவர். அவ்வாறு சொல்வதற்கு அவர்களிடம் ஒரு சான்றும் இருக்கிறது. 'லூபியா' என்ற சொல் அரபு நூல்களில் ஆயிரத்திருநூறு ஆண்டுகளாக இருந்து வருகிறது. ஹிஜ்ரி 179இல் (கி.பி. 795) மறைந்த இமாம் மாலிக் (ரஹ்) அவர்களின் 'முவத்தா'வில் இருக்கிறது. ஹிஜ்ரி 428இல் (கி.பி. 1037) மறைந்த இப்னு ஸீனாவின் 'கானூன்' என்னும் மருத்துவப் பெருநூலில் லூபியாவுக்கெனத் தனிப்பதிவு இருக்கிறது. ஸ்பெயின் நாட்டு இஷ்பீலியாவில், கி.பி. 12ஆம் நூற்றாண்டில், இப்னுல் அவ்வாம் இயற்றிய வேளாண்மை நூலில் அதைப் பயிரிடும் முறை சொல்லப்படுகிறது. இத்தனை சான்றுகள் இருக்கையில் இது பழைய உணவன்று என்று யார் சொல்ல முடியும்?

சொல்லத்தான் வேண்டியிருக்கிறது. அந்த நூல்களில் உள்ள லூபியா வேறு. இந்தச் சட்டியில் வேகும் லூபியா வேறு.

நாம் பீன்ஸ் என்று அழைக்கும் செடி அமெரிக்கக் கண்டத்துக்கு உரியது. மெக்சிகோவை ஒட்டிய பகுதியிலும் தென்னமெரிக்காவின் ஆண்டீஸ் மலைப்பகுதியிலும் அந்நாட்டுப் பழங்குடி மக்கள் அதைத் தனித்தனியே காட்டு நிலையிலிருந்து பயிராக்கினர். கி.பி. 1492க்கு முன் ஆசியாவிலோ ஆப்பிரிக்காவிலோ ஐரோப்பாவிலோ அதைக் கண்ணால் கண்டவர் எவருமில்லை. அந்த 1492ஆம் ஆண்டு நமக்கு மறக்கவொண்ணாத ஆண்டு. அதன் தொடக்கத்தில்தான் கர்னாத்தா நகரம் கிறிஸ்தவ அரசர்களின் கைக்குப் போயிற்று; ஸ்பெயினில் முஸ்லிம் ஆட்சி முடிவுற்றது. அதே ஆண்டில் அதே அரசர்களின் பொருளுதவியுடன் புறப்பட்ட கொலம்பஸ், கியூபாத் தீவில் தம் நாட்டுப் பயறுகளிலிருந்து வேறுபட்ட பயறுகளைக் கண்டதாகத் தம் பயணக் குறிப்பில் பதிந்தார். அவை விரைவில் கடல் கடந்து வந்தன. 1542இல் ஜெர்மானிய மருத்துவர் ஃபுக்ஸ் வெளியிட்ட மூலிகை நூலில் இச்செடியின் அழகிய படம் இடம்பெற்றுவிட்டது. ஆனால் ஒன்றை நோக்குக: அதைப் புதிய உலகத்துச் செடி என்று அவர் எழுதவில்லை. கிரேக்கரின் பழைய மருத்துவ நூல்களில் சொல்லப்பட்ட ஒரு கொடிதான் இது என்று கருதி, அந்தப் பழம்பெயரையே இதற்குச் சூட்டினார். புத்தகத்தில் இல்லாத ஒன்று உலகில் இருக்க முடியாது என்று எண்ணுவது கற்றவர்களுக்கு வரும் ஒரு நோய். அது நம் மதரஸாக்களில் மட்டும் வருவதன்று.

அப்படியானால் பழைய லூபியா எது? அது நம் வீட்டு வாசலிலேயே இருக்கிறது. தட்டைப்பயறு என்றும் காராமணி என்றும் நாம் அழைக்கும் பயறுதான் அது. இதுவே இன்று அறிஞர்கள் பெரிதும் ஏற்கும் முடிவு. அதன் பிஞ்சுக்காய், அதாவது தட்டைக்காய், பச்சையாகவும் சமைக்கப்படும். முற்றிய பயறு உலர்த்திச் சேமிக்கப்படும். எகிப்து நாட்டார் இந்த வேறுபாட்டை இன்றளவும் காத்து வருகின்றனர். அங்கே லூபியா என்றால் வெள்ளை விதையில் கருங்கண் உடைய தட்டைப்பயறு; அமெரிக்காவிலிருந்து வந்ததற்கு 'ஃபாஸூலியா' என்று வேறு பெயர். ஸூடானில் இன்னொரு விந்தை: அங்கே லூபியா என்ற பெயரை அடைமொழியிட்டு நம் அவரை, மொச்சை இனத்துக்கும் வழங்குகின்றனர். ஷாம் நாட்டாரோ லூபியா என்ற பெயரையே புதிய பச்சைக்காய்க்குக் கொடுத்துவிட்டனர். ஸ்பெயினிலும் இதுவே நடந்தது. அரபியின் 'அல்லூபியா' அங்கே 'அலூபியா' என்று நிலைத்தது. முஸ்லிம்கள் வெளியேற்றப்பட்ட பின்னும் அந்தச் சொல் வெளியேறவில்லை. இன்று அந்தச் சொல்லால் ஸ்பானியர் குறிப்பது பெரும்பாலும் அமெரிக்கப் பயற்றையே.

ஃபாஸூலியா என்ற பெயரின் கதை இன்னும் வேடிக்கையானது. கிரேக்க, லத்தீன் மொழிகளில் 'ஃபஸேயொலுஸ்' என்பது பண்டைக்காலத்தில் தட்டைப்பயற்றைச் சேர்ந்த பழைய உலகப் பயற்றின் பெயர். 1753இல் செடிகளுக்கெல்லாம் முறையாகப் பெயரிட்ட லின்னேயஸ், அந்தப் பெயரை அமெரிக்கச் செடிக்கு வழங்கிவிட்டார். பெயருக்கு உரிமையுடைய பழைய செடிக்கு இப்போது 'விக்னா' என்று பெயர். வீட்டுக்காரன் வெளியேற, வந்தவன் வீட்டுப் பெயரோடு குடியேறியது போல இருக்கிறது இது. இச்செடி ஆசியாவைச் சேர்ந்தது என்ற எண்ணம் ஐரோப்பியரிடமும் நெடுங்காலம் இருந்தது. 19ஆம் நூற்றாண்டில் பெரு நாட்டின் பழங்கல்லறைகளிலிருந்து இப்பயறு தோண்டியெடுக்கப்பட்ட பின்னரே அவர்களின் ஐயம் தெளிந்தது.

இந்த ஆய்வால் யாருக்கு என்ன பயன், காய் எதுவாயிருந்தால் என்ன என்று கேட்கலாம். அடுக்களையில் அப்படிக் கேட்பது சரி. பாடசாலையில் கேட்க முடியாது. காரணத்தைச் சொல்கிறேன்.

முவத்தாவில் இமாம் மாலிக் (ரஹ்) லூபியாவைக் குறிப்பிடுவது சமையலைப் பற்றியன்று, ஜகாத்தைப் பற்றி. கடலை, பருப்பு முதலிய பயறு வகைகளை 'கித்னிய்யா' என்ற ஒரு தொகுதியாக்கி, அத்தொகுதியில் லூபியாவையும் வைக்கிறார்கள். அவற்றை ஒன்றோடொன்று சேர்த்துக் கணக்கிட வேண்டும் என்பது அவர்களின் கொள்கை. நம் தென்னகக் கடற்கரை முஸ்லிம்கள் பெரும்பாலும் பின்பற்றும் ஷாஃபிஈ மத்ஹபில் கணக்கிடும் முறை வேறு. ஒவ்வொரு வகையையும் தனித்தே பார்க்க வேண்டும். ஆயினும் லூபியா பட்டியலில் உண்டு. ஹிஜ்ரி 476இல் (கி.பி. 1083) மறைந்த அபூ இஸ்ஹாக் அஷ்ஷீராஸீ அவர்கள் 'அல்முஹத்தப்' நூலில் ஜகாத் கடமையாகும் பயறுகளை எண்ணும்போது லூபியாவையும் எண்ணுகிறார்கள். அதற்குப் பேருரை வரைந்தவர்கள் இமாம் நவவீ (ரஹ்), ஹிஜ்ரி 676இல் (கி.பி. 1277) மறைந்தவர்கள். அவர்கள் பிறந்த நவா என்னும் சிற்றூர் ஷாம் தேசத்தில், ஹவ்ரான் பகுதியில் உள்ளது. ஆகவே இன்று 'லூபியா பி ஸைத்' சமைக்கப்படும் அதே மண்ணைச் சேர்ந்தவர்கள்தாம். ஆனால் நவவீ இமாமின் தாயார் அடுப்பில் வெந்த லூபியா இன்றைய பச்சைக்காயாக இருந்திருக்க இயலாது. அமெரிக்கா கண்டறியப்பட அப்போது இன்னும் இருநூறாண்டுகளுக்கு மேல் இருந்தன.

ஷாஃபிஈ சட்டத்தில் காய்கறிகளுக்கு ஜகாத் இல்லை. மக்கள் முதன்மையான உணவாகக் கொண்டு சேமித்து வைக்கும் தானியத்துக்கும் பயற்றுக்குமே உண்டு. அதுவும் 5 வஸக், அதாவது 300 ஸாஉ, எட்டினால்தான். இப்போது, லூபியா என்ற சொல்லைத் தமிழாக்கும் ஒருவர், இன்றைய அரபு அகராதியைப் பார்த்து 'பீன்ஸ்' என்று எழுதிவிடுகிறார் எனக் கொள்வோம். இரண்டு பிழைகள் ஒருங்கே நேரும். மலைத்தோட்டத்தில் பச்சைக்காய் பறித்துச் சந்தைக்கு அனுப்புகிறவர், காய்கறிக்கு ஜகாத் இல்லை என்று ஓரிடத்திலும் பீன்ஸுக்கு உண்டு என்று மற்றோரிடத்திலும் படித்துத் திகைப்பார். மானாவாரி நிலத்தில் தட்டைப்பயறு விளைவித்து மூட்டைகளில் கட்டி வைத்திருப்பவரோ, பட்டியலில் தம் பயறு இல்லை என்று எண்ணி நிம்மதியாயிருப்பார். ஏழைகளுக்குச் சேர வேண்டிய பங்கு ஒரு சொல்லின் பிழையால் சேராமல் போகும்.

அமெரிக்கப் பயற்றின் உலர்ந்த விதைக்கு, நாம் 'ராஜ்மா' என்று கடைகளில் வாங்குகிறோமே அதற்கு, ஜகாத் உண்டா என்ற கேள்வி இதிலிருந்து எழும். முதன்மை உணவாகச் சேமித்து உண்ணப்படும் பயறு என்ற காரணம் எங்கே பொருந்துகிறதோ அங்கே சட்டமும் பொருந்தும் என்பதே கியாஸின் வழி. ஆனால் அது காரணத்தால் வருவது, பெயரால் வருவதன்று. இமாம்கள் அதைப் பெயர் சொல்லிக் குறிப்பிட்டார்கள் என்று சொல்வது அவர்கள் காணாத ஒன்றை அவர்கள் நாவில் வைப்பதாகும்.

இதே பிழை நபிமொழியின் விளக்கத்திலும் புகுந்திருக்கிறது. நபிகள் நாயகம் (ஸல்) அவர்களைத் தையற்காரர் ஒருவர் விருந்துக்கு அழைத்த செய்தி புகாரீயில் உள்ளது. வாற்கோதுமை ரொட்டியும், உப்புக்கண்டமும் 'துப்பா'வும் இட்ட குழம்பும் பரிமாறப்பட்டன. நாயகம் (ஸல்) அவர்கள் தட்டின் ஓரங்களில் துப்பாவைத் தேடித்தேடி உண்டதைக் கண்ட அனஸ் (ரலி) அவர்கள், அன்றுமுதல் அக்காயின் மீது தமக்கும் விருப்பம் உண்டாயிற்று என்கிறார்கள். துப்பா என்பது சுரைக்காய். தமிழில் நம் ஆலிம்கள் சுரைக்காய் என்றே எழுதி வந்திருப்பது மகிழ்ச்சிக்குரியது. ஆங்கில மொழிபெயர்ப்புகள் சிலவற்றில் மஞ்சள் பூசணியைக் குறிக்கும் சொல் இடப்பட்டிருக்கிறது. மஞ்சள் பூசணியோ அமெரிக்காவிலிருந்து வந்த இனம். அதற்குத் தமிழில் பறங்கிக்காய் என்றொரு பெயருண்டு. 'பறங்கி' என்பது 'ஃபரங்கி' என்ற சொல்லின் திரிபு என்பதை அன்பர்கள் அறிவர். எங்கிருந்து யாரோடு வந்தது என்பதைத் தன் பெயரிலேயே சொல்லிக்கொண்டு நிற்கும் காய் அது. இக்காலத்தில் 'நபிவழி உணவு' என்ற சீட்டை ஒட்டிப் பல பண்டங்களை விற்கின்றனர். ஸைத்தூன் எண்ணெய் பற்றித் திர்மிதீயில் நபிமொழி உண்டு. பேரீச்சம்பழம் பற்றிப் பல உண்டு. அவற்றின் நிழலில் மற்றவற்றையும் நுழைத்துவிடுவது முறையாகாது. ஒரு சஹாபி தாம் கண்ட காயின் பெயரை இத்தனை கவனத்தோடு சொல்லிச் சென்றிருக்க, நாம் காயை மாற்றி வைக்கலாமா?

இனி, சட்டியில் எஞ்சியுள்ளவற்றைப் பார்ப்போம். வெங்காயமும் பூண்டும் பழையவை. ஸைத்தூன் எண்ணெயின் பழமையைப் பற்றி ஐயமே இல்லை. தக்காளி மீண்டும் அமெரிக்காவினுடையது. இத்தாலிய அறிஞர் மத்தியோலி அதை 1544இல் வருணிக்கிறார். ஷாம் தேசத்து அடுக்களைகளில் அது பரவலானது 19ஆம் நூற்றாண்டில்தான். அங்கே அதன் பெயர் 'பனதூரா'; இத்தாலியரின் 'பொமதோரோ'வே அவ்வாறு திரிந்தது. ஆக, இந்தக் கறிக்கு வடிவம் தரும் காயும், நிறமும் புளிப்பும் தரும் பழமும் இரண்டும் புதியவை.

தக்காளிக்கு முன் புளிப்புக்கு என்ன செய்தார்கள்? அதற்கு விடை தரும் நூல்கள் நம்மிடம் உள்ளன. கி.பி. 10ஆம் நூற்றாண்டில் இப்னு ஸய்யார் அல்வர்ராக் பாக்தாதில் தொகுத்த 'கிதாபுத் தபீக்' ஒன்று; 1226இல் முஹம்மது இப்னுல் ஹஸன் அல்பக்தாதீ அதே பெயரில் எழுதியது மற்றொன்று. பின்னவரின் நூலை 1934இல் மோசூல் நகரத்துத் தாவூத் சலபீ பதிப்பித்தார். 1939இல் அறிஞர் ஆர்பெரி அதை ஆங்கிலத்தில் பெயர்த்தார். அம்மொழிபெயர்ப்பு முதலில் வெளிவந்தது லண்டனிலன்று. நம் நாட்டு ஹைதராபாத்திலிருந்து வெளிவந்த 'இஸ்லாமிக் கல்ச்சர்' என்னும் காலாண்டிதழில். உலக இன்பங்களை ஆறாகப் பகுத்து, அவற்றுள் உணவே தலையாயது என்று முன்னுரையில் வாதிடும் இந்த பக்தாதீயைப் படிப்பதே தனிச்சுவை. இந்நூல்களில் தக்காளி இல்லை, மிளகாய் இல்லை, ஃபாஸூலியா இல்லை. புளிப்புக்குக் காடி, 'ஹிஸ்ரிம்' என்னும் புளித்த திராட்சைக்காய்ச் சாறு, 'ஸும்மாக்', மாதுளைச் சாறு, எலுமிச்சை ஆகியவை ஆளப்படுகின்றன. நிறத்துக்குக் குங்குமப்பூ.

இறைச்சியின்றி எண்ணெயில் சமைத்து ஆறவைத்து உண்ணும் முறையோ, புதியதன்று. அல்வர்ராக் தம் நூலில் 'முஸவ்வராத்' என்று ஒரு வகையைச் சொல்கிறார். இறைச்சிக் கறியைப் போலவே தோன்றும். ஆனால் இறைச்சி இராது. நோயாளிகளுக்கும், நோன்புக் காலத்தில் புலால் தவிர்க்கும் கிறிஸ்தவர்களுக்கும் உரியவை அவை. 'முஸவ்வர்' என்றால் பொய்யாகப் புனையப்பட்டது என்று பொருள். கள்ளப் பத்திரத்துக்குச் சொல்லும் சொல்லைக் கறிக்குச் சூட்டிய பாக்தாதியரின் நகைச்சுவையை என்னென்பது! துருக்கியரும் இறைச்சியில்லாமல் அரிசி அடைத்த திராட்சையிலைச் சுருளுக்குப் 'பொய்யன்' என்று பெயரிட்டனர். 'யலன்ஜீ' என்ற அச்சொல் இன்றும் ஷாமில் வழங்குகிறது. கிழக்கத்தியக் கிறிஸ்தவர்கள் தம் நீண்ட நோன்பு நாட்களில் இறைச்சியையும் பால்பொருளையும் விலக்கி ஸைத்தூன் எண்ணெய்க் கறிகளை உண்கின்றனர். அதே கறிகளை அண்டைவீட்டு முஸ்லிம்கள் கோடையில் உண்கின்றனர். 'பி ஸைத்' என்ற அடைமொழி இந்த வரிசையைச் சேர்ந்தது. பழைய முறை இருந்தது. பழைய பெயர் இருந்தது. புதிய காய் வந்தபோது அந்நாட்டுப் பெண்மக்கள் அதை அந்த முறைக்குள் வைத்து, அந்தப் பெயரால் அழைத்துக்கொண்டனர். அரண்மனைச் சமையலை எழுதி வைத்த ஆண்கள் பலர். இந்த மாற்றத்தைச் செய்த பெண்களின் பெயர் ஒன்றுகூட ஏட்டில் ஏறவில்லை.

இதைச் சொல்வதால் அக்கறி அரபுகளுடையதன்று என்றாகிவிடாது. பழைய லூபியாகூட அரபு மண்ணில் முளைத்ததன்று. தட்டைப்பயறு ஆப்பிரிக்காவில் பயிராக்கப்பட்டு, பின்னரே மற்ற நாடுகளுக்குச் சென்றது. இந்தியாவுக்கு அது வந்து மூவாயிரம் ஆண்டுகளுக்கு மேலாகிறது. முழ நீளத்துக்குத் தொங்கும் பயற்றங்காய், ஆசியாவில் உழவர்கள் தேர்ந்தெடுத்து வளர்த்த வகை. அந்தப் பயற்றின் பெயர் உருதுவில் இன்றும் 'லோபியா'தான். எதிர்த்திசையிலும் ஒரு பெயர் சென்றிருக்கிறது. சங்க நூல்களிலேயே பேசப்படும் நம் அவரைக்குச் செடிநூலார் வைத்துள்ள பெயர் 'லப்லப்'. 1592இல் எகிப்தின் செடிகளைப் பற்றி எழுதிய அல்பீனி என்ற இத்தாலியர், அங்கே மக்கள் வாயில் வழங்கிய 'லப்லாப்' என்ற அரபுச் சொல்லை எழுதி வைத்தார், அதுவே நிலைத்தது. நம் கொல்லைப்புறப் பந்தலில் படரும் அவரைக்கொடி உலகப் பட்டியலில் அரபுப் பெயரோடு நிற்கிறது.

தமிழரும் ஷாம் நாட்டார் செய்ததையே செய்திருக்கிறார்கள். தக்காளி என்பது முன்பு நம் மண்ணில் தானே முளைக்கும் ஒரு சிறுசெடிக்கும் அதன் கனிக்கும் உரிய பெயர். மணத்தக்காளி என்ற கீரையின் பெயரிலும் அச்சொல் இருக்கிறது. கடல்கடந்து வந்த கனியை முதலில் 'சீமைத் தக்காளி' என்றனர். பிறகு சீமையை உதிர்த்துவிட்டுத் தக்காளி என்றே சொல்லலாயினர். மிளகைப் போல் காரம் தந்த காய் மிளகாய் ஆயிற்று. பீன்ஸுக்கு மட்டும் என்ன காரணத்தாலோ தமிழ்ப்பெயர் சூட்டவில்லை. தமிழகத்தில் ஆங்கிலப் பெயரே நிலைத்தது. இலங்கைத் தமிழர் அதைப் 'போஞ்சி' என்பர். அது டச்சுக்காரரின் 'பூன்ச்யெ' என்ற சொல்லின் திரிபு. சிங்களத்திலும் அதுவே வழங்குகிறது. பெயரைக் கேட்டவுடனே எந்தக் கப்பலில் எந்த நாட்டார் கொண்டுவந்தனர் என்பது தெரிந்துவிடுகிறது. வரலாறு படிப்பவனுக்கு இது நல்லதே. ஷாமில் அப்படித் தெரியாமற் போனதால்தான் இத்தனை எழுத வேண்டியதாயிற்று.

மதரஸாக்களில் கிதாபு நடத்தும் இளைய ஆலிம்களுக்கு ஒரு வேண்டுகோள். லூபியா என்ற சொல் வரும்போது 'தட்டைப்பயறு' என்று சொல்லுங்கள். மாணவன் கையிலுள்ள புதிய அகராதி வேறு பொருள் காட்டினால், நூல் எந்த ஆண்டில் எழுதப்பட்டது என்று அவனையே பார்க்கச் சொல்லுங்கள். கி.பி. 1492க்கு, அதாவது ஹிஜ்ரி 897க்கு முற்பட்டதாயின் அங்கே பீன்ஸ் இல்லை, தக்காளி இல்லை, மிளகாயும் மக்காச்சோளமும் உருளைக்கிழங்கும் இல்லை. 'பாகில்லா' என்று வந்தால் அது இன்று எகிப்தியர் 'ஃபூல்' என்று காலையுணவாக உண்ணும் பெரிய பயறு. அதையும் பீன்ஸ் என்று எழுதிவிடுவோர் உண்டு.

பழைய லூபியாவை இந்தச் செய்முறையில் ஆக்கிப் பார்க்க விரும்பும் இல்லத்தரசிகளுக்கு அதிகத் தொல்லை இல்லை. பிஞ்சுத் தட்டைக்காயை விரற்கடை நீளத்துக்கு ஒடித்துக்கொள்ளலாம். ஸைத்தூன் எண்ணெயில் வெங்காயத்தையும் பூண்டையும் வதக்கிக் காயைச் சேர்த்து, தக்காளிக்குப் பதிலாக ஒரு கைப்பிடி புளித்த பச்சைத் திராட்சையைப் பிழிந்துவிடலாம்; அது கிடைக்காவிட்டால் இறக்கும்போது எலுமிச்சை. தக்காளிச் சாறு இல்லாததால் அரைக் கோப்பைத் தண்ணீர் தேவைப்படும். தட்டைக்காய் பீன்ஸைவிடச் சற்று முன்னதாகவே வெந்துவிடும். முக்கால் மணி நேரம் போதும். நிறம் சிவக்காது. ஆறவிட்டு உண்ண வேண்டும்.